கூண்டை வெளியில் வை

தீபாவளிக்கு முதல் நாள் இரவு எட்டரை மணி. சுங்கை பட்டாணியில் எங்கள் தாமானின் பின்வரிசையில் யாரோ ஒரு சரவெடியைக் கொளுத்தினார்கள். அக்காவின் காக்கட்டீல் அப்போது கூண்டுக்கு வெளியே, டிவி மேல் உட்கார்ந்திருந்தது. பயந்து எழும்பி, காற்றாடியைச் சுற்றி ஒரு வட்டம் அடித்தது. அதே நேரம் பக்கத்து வீட்டில் கொடுத்த முறுக்குத் தட்டோடு நான் கதவைத் திறந்தேன். என் தலைக்கு மேலே வெளியே போய்விட்டது. கதவைத் திறந்தது நான்தான் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அக்கா இந்தக் கட்டுரையைப் படிப்பாள்.

அன்றிரவு டார்ச் லைட்டோடு நான்கு வரிசை வீடுகளைச் சுற்றினோம். வாட்சாப் குழுக்களில் படம் போட்டோம். அக்காவின் மகள் அழுது அழுது தூங்கிப்போனாள். பாட்டி மட்டும் நாற்காலியை விட்டு எழவில்லை. எண்பத்திரண்டு வயது. "ஏண்டா தெரு தெருவா அலையுறீங்க? கூண்டத் தூக்கி வெளிய வை. அதுக்கு வீடு தெரியாது, கூண்டுதான் தெரியும்," என்றார். பிறகு, யாரும் கேட்காமலேயே, "ராஜாவ அப்படித்தான் தாத்தா புடிச்சாரு," என்றார்.

ராஜா யாரென்று எனக்குத் தெரியாது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

நான் கூலிமில் ஒரு தொழிற்சாலையில் பொறியியலாளர். ஒன்று பழுதானால் முதலில் அது எப்படி வேலை செய்கிறது என்று பார்ப்பது பழக்கம். தொலைந்த பறவையையும் அப்படித்தான் அணுகினேன். வீட்டில் வளர்ந்த பறவைக்கு மேலே ஏறத் தெரியும், இறங்கத் தெரியாது. செங்குத்தாக இறங்குவது பழகி வரவேண்டிய வித்தை. வரவேற்பறையில் வளர்ந்ததற்கு அந்தப் பழக்கம் ஏது? அதனால் உயரமான மரத்தில் உட்கார்ந்துகொண்டு, நாம் கூப்பிடுவது காதில் விழுந்தாலும், இறங்கும் வழி தெரியாமல் கத்திக்கொண்டிருக்கும். இரவில் அசையாது. விடியற்காலையும் பொழுது சாயும் நேரமும்தான் அது குரல் கொடுக்கும், பதில் குரலைத் தேடும். ஆகவே அதற்குப் பழகிய ஒலி, பழகிய பாத்திரம், பழகிய கூண்டு. பாட்டி ஒரு வரியில் சொன்னதைத் தெரிந்துகொள்ள எனக்கு இரவு இரண்டு மணி ஆயிற்று.

தூக்கம் வராமல் மேலும் மேலும் வாசித்தபோதுதான், கைவிட்டுப் போன பறவையைத் திரும்பப் பிடிப்பதற்கு ஒரு நீண்ட வரலாறே இருப்பது தெரிந்தது.

ஐரோப்பாவின் இடைக்காலத்தில் வேட்டைக்குப் பழக்கிய வல்லூறு, பண்ணையாரின் குதிரையைவிட விலை கூடிய சொத்தாக இருக்கக்கூடும். அதன் காலில் சின்ன மணிகளைக் கட்டுவார்கள். புதரில் இறங்கி மறைந்தால் மணிச் சத்தத்தை வைத்துத் தேடலாம். கால்வாரின் நுனியில் உடையவரின் பெயர் பொறித்த சிறு வளையம் இருக்கும். நம் காலத்து முகவரிச் சீட்டு மாதிரி. இறகுக் கட்டில் இறைச்சித் துண்டைக் கட்டிச் சுழற்றி, வானத்தில் இருப்பதைக் கீழே அழைப்பார்கள். இங்கிலாந்தில் மூன்றாம் எட்வர்ட் காலத்தில், 1360களில், இதற்குச் சட்டமே போட்டார்கள். தொலைந்த வல்லூறைக் கண்டெடுத்தவன் அதை ஷெரிப்பிடம் கொண்டுபோக வேண்டும். ஷெரிப் ஊர் ஊராக அறிவிக்க வேண்டும். ஒளித்து வைத்தவனுக்குச் சிறை. ஒரு பறவைக்காக அரசாங்கமே தண்டோரா போட்டிருக்கிறது. கூலிக்காரன் வீட்டுக் கோழி காணாமல் போனதற்கு யாரும் தண்டோரா போட்டதாகத் தெரியவில்லை.

அக்பரின் அரண்மனையில் இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட புறாக்கள் இருந்ததாக அபுல் ஃபசல் எழுதுகிறார். அந்தப் பொழுதுபோக்குக்கு அக்பர் வைத்த பெயர் 'இஷ்க்பாசி', அதாவது காதல் விளையாட்டு. பழைய டில்லியின் மொட்டை மாடிகளில் இன்றும் புறா விடுகிறவர்கள் இருக்கிறார்கள். அங்கே அடுத்தவன் கூட்டத்திலிருந்து ஒரு புறாவை மயக்கித் தன் கூட்டத்தோடு இறக்குவதுதான் ஆட்டமே. மெஹருன்னிசா இளவரசன் சலீமின் இரண்டு புறாக்களைக் கையில் வைத்திருந்தாளாம். ஒன்று பறந்துவிட்டது. எப்படிப் போனது என்று அவன் கோபமாகக் கேட்க, இப்படித்தான் என்று மற்றதையும் பறக்கவிட்டாளாம். சரித்திர ஆதாரம் இல்லாத கதை. ஆனால் கதவைத் திறந்துவிட்டு நின்ற எனக்கு அன்றிரவு அவள்மேல் மிகுந்த மரியாதை ஏற்பட்டது.

நம்மிடமும் உண்டு. பாரியின் பறம்பு மலையை மூவேந்தர்கள் முற்றுகையிட்டபோது, கபிலர் பழக்கிய கிளிகள் வெளியே போய் நெற்கதிர் கொண்டுவந்து உள்ளே இருந்தவர்களைக் காப்பாற்றின என்று பள்ளியில் படித்திருப்போம். அகநானூற்றின் 303-ஆம் பாட்டில் ஔவையார் சொல்வது குருவிக் கூட்டம். காலையில் போய், நெல்லோடு மாலையில் திரும்பும் கூட்டம். கிளி பிற்பாடு கதையில் வந்து உட்கார்ந்துகொண்டது. குருவியோ கிளியோ, என் கேள்வி வேறு. முற்றுகையிட்ட மலைக்கு எந்தப் பறவை ஏன் திரும்பி வரவேண்டும்? வெளியே வயல் முழுக்க நெல் கிடக்கிறது. பறவை நன்றியோடு வந்தது என்று சொல்லிவிடுவது சுலபம். கூடு அங்கே இருந்தது, குஞ்சு அங்கே இருந்தது, அதனால் வந்தது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. இதனால் அந்தக் கதையின் அழகு எனக்குக் குறையவில்லை.

அருணகிரிநாதர் கதையில் இது தலைகீழ். பாரிஜாத மலர் கொண்டுவர அவர் தன் உடலை விட்டுக் கிளியின் உடலில் புகுந்து போனார். திரும்பி வருவதற்குள் சம்பந்தாண்டான் அந்த மனித உடலைத் தகனம் செய்ய வைத்துவிட்டான். பறவை சரியாகத் திரும்பி வந்துவிட்டது. புகுவதற்குத்தான் உடல் இல்லை. திருவண்ணாமலையில் கிளி கோபுரம் அந்தக் கதையின் பெயரில்தான் நிற்கிறது. சிறு வயதில் பாட்டி இந்தக் கதையை அடிக்கடி சொல்வார். ஏன் இதையே சொல்கிறார் என்று அப்போது யோசித்ததில்லை.

சரி, ராஜா.

ராஜா ஒரு தியோங். தமிழ்நாட்டில் மலை மைனா என்பார்கள். கறுப்பு உடல், ஆரஞ்சு அலகு, கன்னத்திலிருந்து பிடரி வரை மஞ்சள் தோல் மடிப்பு. 1758-இல் லின்னேயஸ் இதற்குக் கிராக்குலா ரிலிஜியோசா என்று பெயர் வைத்தார். மனிதக் குரலை அச்சாகத் திருப்பிச் சொல்வதில் கிளிகூட இதற்குப் பின்னால்தான். காட்டோரத்து உயர்ந்த மரங்களின் பொந்தில் கூடு கட்டும். பீடோங் பக்கத்துத் தோட்டங்கள் அப்போது காட்டை ஒட்டி இருந்ததால், பொந்திலிருந்து குஞ்சை எடுத்து விற்பவர்கள் லயத்துக்கே வருவார்களாம். அப்போது யாருக்கும் அது தப்பாகத் தெரியவில்லை. 1972-இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 2010-இல் அதைவிடக் கடுமையான புதிய சட்டம் வந்தது. 1997-இல் மலை மைனா சைட்டஸ் ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் ஏறியது. இன்று உரிமமில்லாமல் ஒரு தியோங்கைக் கூண்டில் வைத்தால் பெர்ஹிலித்தான் வாசலில் வந்து நிற்கும். நிற்கவும் வேண்டும். காட்டிலிருந்து எடுத்து எடுத்தே பல இடங்களில் இந்தப் பறவை இல்லாமல் போனது.

ராஜாவைத் தாத்தா வாங்கவில்லை. அது பக்கத்துக் கதவுக்காரர்களின் பறவை. 1969 கலவரத்துக்குப் பிறகு, குடியுரிமை இல்லாதவர்கள் வேலை பெர்மிட் எடுத்தாக வேண்டும் என்ற சட்டம் நடைமுறைக்கு வந்தது. சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்த ஆயிரக்கணக்கான தோட்டத்துத் தமிழர்கள் அந்த ஓரிரு ஆண்டுகளில் இந்தியாவுக்குக் கப்பல் ஏறினார்கள். பினாங்கிலிருந்து நாகப்பட்டினத்துக்கும் சென்னைக்கும் ரஜூலா ஓடிக்கொண்டிருந்த கடைசிக் காலம் அது. 1926-இல் ஓடத் தொடங்கிய கப்பல், 1970களின் தொடக்கத்தில் ஓய்ந்தது. பக்கத்துக் கதவுக்காரர்கள் ஆடு கோழியை விற்றார்கள், தையல் மிசினை விற்றார்கள். தியோங்கை விற்க மனம் வரவில்லை. "நீங்க வச்சிக்குங்கண்ணே, ஆறு மாசத்துல வந்துருவோம்," என்று சொல்லிக் கூண்டைக் கொடுத்துவிட்டுப் போனார்களாம். ஆறு மாதம் ஐம்பத்தைந்து வருசமாகிவிட்டது.

அந்தப் பறவைக்கு அப்போது இரண்டு வயது இருக்கும். பேச்சு முழுக்க அந்த வீட்டுப் பேச்சு. விடிகாலை நாலே முக்காலுக்கு, அந்த வீட்டம்மா தன் மகனை எழுப்பும் குரலில், "எந்திரிடா, பெரட்டுக்கு அடிச்சாச்சு!" என்று கத்தும். பெரட்டு என்றால் தெரியாத இளைய வாசகர்களுக்கு: தோட்டத்தில் விடிவதற்கு முன் ஆட்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிடுவது. தட்டு அடிப்பார்கள். தாமதமாகப் போனால் அன்று வேலை கிடையாது. அந்தக் குரல்காரி நாகப்பட்டினத்தில் இறங்கி எந்த ஊருக்குப் போனாரோ. அவர் குரல் மட்டும் எங்கள் தாத்தா வீட்டுத் திண்ணையில் தினமும் அதே நேரத்துக்குக் கத்திக்கொண்டிருந்தது. பாட்டிக்கு முதலில் அது பிடிக்கவில்லையாம். "செத்தவங்க பேசற மாதிரி இருக்கும்," என்றார். அவர்கள் சாகவில்லையே பாட்டி என்றேன். "போனவங்க எல்லாம் ஒண்ணுதான் அப்ப. கடிதாசி வந்துச்சா? வரல."

1960களில் பிரையன் பெர்ட்ராம் என்ற ஆய்வாளர் அசாமில் காட்டு மலை மைனாக்களைக் கவனித்து எழுதியிருக்கிறார். கூண்டில் மனிதனையும் மோட்டாரையும் நாயையும் திருப்பிச் சொல்லும் இந்தப் பறவை, காட்டில் மற்ற இனப் பறவைகளின் குரலைக் காப்பியடிப்பதில்லை. தன் அக்கம்பக்கத்து மைனாக்களிடமிருந்து மட்டும் குரல்களைக் கற்கிறது. அதனால் சற்று தள்ளியிருக்கும் கூட்டத்தின் குரல் வேறாக இருக்கும். அது கற்பது அக்கம்பக்கத்தின் மொழி. கூண்டில் அடைத்தால் நாமே அதற்கு அக்கம்பக்கம் ஆகிவிடுகிறோம். இதைப் படித்தபோது எனக்கு லயத்து வீடுகள் நினைவுக்கு வந்தன. ஒரு பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம் இருமினால் இந்தப் பக்கம் கேட்கும் வீடுகள்.

1983-இல் தாத்தா தோட்டத்தை விட்டு வெளியேறினார். ரப்பரை வெட்டிச் செம்பனை போட்டார்கள். அதற்கு அத்தனை ஆள் வேண்டியதில்லை. லயத்தில் ஒவ்வொரு கதவாகப் பூட்டு விழுந்தது. பட்டணத்தை ஒட்டி ஒரு சின்ன வீட்டை வாடகைக்கு எடுத்தார்கள், தோட்டத்திலிருந்து மூன்று மைல் இருக்கும். அம்மாவுக்கு அப்போது பதினாறு வயது. சாமான் லாரியில் ராஜாவின் கூண்டை மடியில் வைத்துக்கொண்டு வந்தது அம்மாதான். புது வீட்டில் முதல் வாரமே, தண்ணீர் மாற்றும்போது கூண்டுக் கதவு சரியாகக் கொக்கி விழாமல், ராஜா போய்விட்டது. கதவைத் திறந்தது யார் என்று அம்மாவிடம் கேட்டேன். சிரித்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார். எங்கள் குடும்பத்தில் இது பரம்பரை போலிருக்கிறது.

தாத்தா இரண்டு நாள் வீட்டைச் சுற்றித் தேடினார். மூன்றாம் நாள் விடிய முன்னே சைக்கிள் கேரியரில் காலிக் கூண்டைக் கட்டிக்கொண்டு தோட்டத்துக்குப் போனார். லயத்தில் பாதிக்கு மேல் ஆளில்லை. கூண்டைப் பழைய வீட்டின் திண்ணையில், எப்போதும் தொங்கவிடும் ஆணியிலேயே மாட்டிவிட்டு, கொஞ்சம் தள்ளி உட்கார்ந்துகொண்டார். வாழைப்பழம் உரித்து உள்ளே வைத்திருந்தார். இருட்டு விலகும்போது கூரைத் தகரத்திலிருந்து குரல் வந்ததாம்: "எந்திரிடா, பெரட்டுக்கு அடிச்சாச்சு!"

பூட்டிய கதவுகள், தட்டு அடிக்கவில்லை, எழுப்ப ஆளில்லை. அது கத்திக்கொண்டே இருந்ததாம். அரை மணி நேரம் கழித்துப் பழத்துக்காக இறங்கியது. தாத்தா கதவைச் சாத்தினார்.

இதை நான் முழுசாக நம்புகிறேனா? பந்தயப் புறா நூற்றுக்கணக்கான மைல் தாண்டி வீட்டுக்கு வரும். 1946-இல் ஒடிசாவின் கோராபுட்டில் காவல்துறை அதை வைத்துத் தபால் சேவையே தொடங்கியது. தியோங்குக்கு அப்படிப்பட்ட புகழ் இல்லை. மூன்று மைல் தற்செயலாகவும் இருக்கலாம், காட்டோரம் என்று அந்தப் பக்கம் போயிருக்கலாம். தாத்தா பிடித்தது வேறு இடத்தில், பிறகு கதை திண்ணைக்கு வந்து சேர்ந்தது என்றும் இருக்கலாம், பறம்பு மலைக்குக் கிளி வந்து சேர்ந்த மாதிரி. தாத்தா 2004-இல் காலமாகிவிட்டார், கேட்க வழியில்லை. ஆனால் வீட்டுக்கு வந்தவர் அன்று வேலைக்குப் போகவில்லை, சாப்பிடவும் இல்லை என்பதில் அம்மாவும் பாட்டியும் தனித்தனியாக ஒரே மாதிரி சொல்கிறார்கள்.

மலாயில் 'ஹிக்காயாத் பாயான் புடிமான்' என்று ஒரு பழைய கதைத்தொகுதி உண்டு. வடமொழியின் கிளி எழுபது கதைகள் பாரசீகம் வழியாக இந்தப் பக்கம் வந்து சேர்ந்தது. அதில் ஒரு வணிகன் வீட்டில் ஒரு கிளியும் ஒரு தியோங்கும் இருக்கும். தலைவியின் தப்பை தியோங் நேராகச் சொல்லிவிடுகிறது, செத்துப்போகிறது. கிளி மட்டும் கதை சொல்லித் தப்பிக்கிறது. மனதில் பட்டதைக் கத்திவிடும் பறவை என்று தியோங்கைப் பற்றி இந்த மண்ணில் நெடுநாளாக ஓர் எண்ணம் இருந்திருக்கிறது.

பேச்சால் வீடு திரும்பிய பறவைகள் வேறு ஊர்களிலும் உண்டு. 2008-இல் தோக்கியோவுக்கு அருகே நாகாரேயாமாவில் யோசுகே என்ற சாம்பல் கிளி தொலைந்தது. போலீஸ் நிலையத்தில் வாயே திறக்கவில்லை. மிருக வைத்தியரிடம் கொண்டுபோன சில நாளில் தன் பெயரையும் வீட்டு முகவரியையும் எண்ணோடு சொன்னது. பேசாமலேயே பிடிபட்டது கோல்டி. 1965-இல் லண்டன் மிருகக்காட்சிசாலையிலிருந்து வெளியேறிய பொன்னாங்கழுகு. பன்னிரண்டு நாள் ரீஜன்ட்ஸ் பூங்காவில் ஊரைக் கூட்டிவிட்டது. கடைசியில் ஒரு செத்த முயலுக்கு இறங்கியது. இறைச்சிக் கட்டைச் சுழற்றிய பழைய வேட்டைக்காரர்களின் அதே தந்திரம்.

திரும்பாதவைதான் அதிகம். லண்டன் பூங்காக்களில் இப்போது நம் ஊர்ப் பச்சைக்கிளிகள் கூட்டம் கூட்டமாகத் திரிகின்றன. ஜிமி ஹென்ட்ரிக்ஸ் இரண்டு கிளிகளைப் பறக்கவிட்டதால் வந்தவை என்று ஒரு கதை. 2019-இல் ஆய்வாளர்கள் அது உண்மையில்லை என்று காட்டினார்கள். எத்தனையோ வீடுகளில், எத்தனையோ வருசங்களில், என்னைப் போல யாரோ கதவைத் திறந்ததன் கூட்டுத்தொகைதான் அது. 1920களில் கூண்டுப் பறவையாகச் சிங்கப்பூருக்கு வந்த ஜாவா மைனாவும் அப்படித்தான். இன்று நம் உணவுக்கடை மேசைகளில் ரொட்டிச் சானாய்த் துணுக்கு பொறுக்குபவை அவற்றின் வம்சம். தொலைந்த பறவை போன இடத்தில் ஊர் ஆகிவிடுகிறது. கிள்ளானில் 1890களில் காப்பித் தோட்டத்துப் புழுக்களைத் தின்ன இலங்கையிலிருந்து காக்கையைக் கொண்டுவந்து விட்டார்கள். தொலைந்ததல்ல, வேலைக்கென்று கப்பலில் ஏற்றி வந்தது. நம்மவர்களும் அதே கடலில், அதே முதலாளிகளின் கணக்கில் வந்தவர்கள்தான். இன்று காக்கையைச் சுட நகராண்மைக் கழகங்கள் ஆள் வைக்கின்றன.

எங்கள் காக்கட்டீலுக்கு வருவோம். கூண்டை மாடியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்தேன். அது விசிலடிக்கும் மெட்டைக் கைப்பேசியில் பதிவாக வைத்திருந்தாள் அக்கா. தீபாவளி அன்று எண்ணெய்க் குளியலுக்கு முன்பே மாடியில் ஏறி அதைத் திரும்பத் திரும்பப் போட்டேன். ஊரெல்லாம் வெடி. ஒன்றும் வரவில்லை. இரண்டாம் நாளும் இல்லை. மூன்றாம் நாள் விடியற்காலை அந்த மெட்டு எங்கிருந்தோ திரும்பி வந்தது. என் கைப்பேசியின் எதிரொலி என்றுதான் முதலில் நினைத்தேன்.

மூன்று வரிசை தள்ளி ஒரு மாக்சிக் வீடு. அவர் கணவருக்கு மெர்போக் பைத்தியம். இங்கே கெடாவில் இந்தப் பைத்தியம் பிடித்த மலாய்க்காரர்கள் நிறைய. ஆற்றுக்கும், சோழர் கால மிச்சங்களைக் காட்டும் அருங்காட்சியகம் இருக்கும் ஊருக்கும் எந்தப் பெயரோ அதே பெயர்தான் அந்தச் சின்னப் புறாவுக்கும். உயரக் கம்பத்தில் கூண்டை ஏற்றி அதன் கூவலைக் கேட்டுக்கொண்டு காப்பி குடிப்பார்கள், போட்டிகூட நடக்கும். அந்தக் கம்பத்துக் கூண்டின் மேல் எங்களுடையது வந்து உட்கார்ந்திருந்ததாம். பசியில் தானியத்தைப் பார்த்திருக்கும். மாக்சிக் ஒரு துண்டைப் போட்டுப் பிடித்து, காலியாக இருந்த மெர்போக் கூண்டில் விட்டு, தினமும் கம்பத்தில் ஏற்றி வைத்திருந்தார். "உயரத்துல வச்சா அத தேடுறவங்க கண்ணுல படும்ல," என்றார் மலாயில். கூண்டை வெளியே வைக்க வேண்டும் என்று அவருக்கும் யாரும் சொல்லித்தரவில்லை.

முறுக்கும் நெய்யுருண்டையும் கொண்டுபோய்க் கொடுத்தோம். அவர் கணவர் ஒரு பொட்டலம் தானியம் கொடுத்தார். "இது என்ன பாட்டு? மூணு நாளா ஒரே பாட்டு," என்று கேட்டார். பாட்டியின் பழைய சீரியல் மெட்டு என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது.

வீட்டுக்குக் கொண்டுவந்ததும் அக்கா இறகைக் கொஞ்சம் வெட்டிவிடலாமா என்று கேட்டாள். தாத்தா ராஜாவுக்கு வெட்டினாரா என்று பாட்டியிடம் கேட்டேன். "வெட்டல," என்றார். அதற்குப் பிறகு அது மறுபடி போகவில்லையா என்றேன். "போச்சு. அடுத்த வருசம். தாத்தா மறுபடியும் கூண்ட எடுத்துக்கிட்டுப் போனாரு. லயத்த இடிச்சிட்டாங்க. எங்க மாட்டுறது?"

சனிக்கிழமை கதவுக்கு உள்பக்கமாக ஒரு வலைக்கதவு அடித்தோம். ஆணி, சட்டம், வலை எல்லாம் சேர்த்து நூற்று இருபது வெள்ளி. பாதியை நான் கொடுத்தேன்.